வேலையை விடலாமா, நல்கைக்கு எழுதலாமா? ஆவணப்படம் எடுக்க வருபவர் முன்னால் நான்கு வழிகள்

மாதத்துக்கு இரண்டு மூன்று பேராவது இதே கேள்வியோடு போன் செய்கிறார்கள். பெரும்பாலும் இருபத்தைந்து, முப்பது வயதுக்காரர்கள். விஸ்காம் முடித்துவிட்டு ஒரு சேனலிலோ விளம்பர நிறுவனத்திலோ எடிட்டராக இருப்பார்கள். மனதில் ஒரு விஷயம் உட்கார்ந்திருக்கும். போன வாரம் பேசிய பெண்ணுக்கு அது பெரும்பாக்கம். சென்னை நகருக்குள்ளிருந்து அப்புறப்படுத்தப்பட்ட குடும்பங்களைக் கொண்டுபோய் வைத்திருக்கும் அடுக்குமாடிக் குடியிருப்பு. "ஒரே குடும்பத்தோட ரெண்டு வருஷம் இருந்து எடுக்கணும் அண்ணா. வேலைய விட்டுடட்டுமா, இல்ல ஏதாவது ஃபண்டுக்கு எழுதிப்போட்டுட்டுக் காத்திருக்கட்டுமா?" என்று கேட்டார்.

அவர் ஃபண்டு என்றதைத்தான் நல்கை என்கிறேன், திருப்பித் தர வேண்டாத உதவிப் பணம். போனில் சொல்லி முடிகிற விஷயமாக இல்லை. அதனால் எழுதுகிறேன்.

நான் பேசப்போவது ஒரு வகைப் படத்தைப் பற்றி மட்டும்தான். பின்னணிக் குரல் கிடையாது, உட்காரவைத்து எடுக்கும் பேட்டி கிடையாது, சேர்த்துப் போட்ட இசை கிடையாது. ஓர் இடத்திலோ ஒரு குடும்பத்தோடோ நீண்ட நாள் இருந்து, நடப்பதை நடக்கும்போதே எடுத்து, படம் என்ன என்பதை எடிட்டிங்கில் உட்கார்ந்து கண்டுபிடிக்கும் முறை. கவனிப்பு ஆவணப்படம் என்று வைத்துக்கொள்வோம். அமெரிக்காவில் ஃபிரெடரிக் வைஸ்மன் பள்ளி, மருத்துவமனை, நலத்திட்ட அலுவலகம் என்று ஒவ்வொன்றாகப் போய் எடுத்தது இப்படித்தான். ஒலிப்பதிவை அவரே பார்த்துக்கொள்வார். கூட ஒரு ஒளிப்பதிவாளர், ஒரு உதவியாளர். அவ்வளவுதான் குழு. செய்திப்படம், பிரச்சாரப்படம் எடுப்பவர்களுக்குக் கணக்கு வேறு.

## எதை வைத்து எடைபோடுவது

எல்லோரும் காசிலிருந்து தொடங்குகிறார்கள். நான் அதை மூன்றாவதாக வைப்பேன்.

முதல் கேள்வி, உங்கள் நாள்கள் யார் கையில் இருக்கின்றன என்பது. இந்த முறையில் பெரிய செலவு கேமரா இல்லை, காத்திருப்பு. எதுவும் நடக்காத பதினைந்து நாள் கழித்துப் பதினாறாவது நாள் ஏதோ நடக்கும். அன்று நீங்கள் அங்கே இருக்க வேண்டும்.

இரண்டாவது, எடுத்த ஒரு காட்சியை "இது வேண்டாம்" என்று நீக்கிவிடும் உரிமை யாரிடம் இருக்கிறது என்பது. இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். தூத்துக்குடி உப்பளங்களில் நான் இரண்டு பருவம் எடுத்தேன். அங்கே ஒரு அக்கா. முதல் இரண்டு மாதம், நான் கேமராவைத் தூக்கினாலே சேலையைச் சரிசெய்துகொண்டு நிமிர்ந்து நிற்பார். "தம்பி, இன்னுமா எடுத்து முடியல?" என்று தினமும் கேட்பார். ஒரு ஆடி மாதத்துக் காலை, ஐந்தரை மணி இருக்கும். பாத்தியிலிருந்து வரப்பில் ஏறி, பித்தவெடிப்புக்குள் இறங்கியிருந்த உப்பை ஒரு சொம்புத் தண்ணீரில் கழுவிக்கொண்டே, மகளின் ஹாஸ்டல் பணத்துக்காகக் கங்காணியிடம் முன்பணம் கேட்டார். கங்காணி முடியாது என்றார். அக்கா குரலை உயர்த்தவில்லை. போன வாரம் கூலியில் குறைத்த இரண்டு நாளை மட்டும் தேதியோடு எடுத்துச் சொன்னார். நான் மூன்றடி தள்ளி நின்றிருந்தேன். இரண்டு பேருமே என் பக்கம் திரும்பவில்லை.

அந்த இரண்டு பருவத்திலும் நான் எடுத்ததில் ஆகச் சிறந்த ஏழு நிமிடம் அது. ஆனால் படத்தில் கிடையாது. முதல் வெட்டை, அதாவது முதலில் எடிட் செய்த வடிவத்தை, லேப்டாப்பில் அவர் வீட்டுத் திண்ணையில் வைத்துக் காட்டியபோது, அந்த இடம் வந்ததும் அக்கா, "இத அவங்க பாத்தா அடுத்த சீசனுக்கு என்னக் கூப்பிட மாட்டாங்க தம்பி" என்றார். அன்று இரவே நீக்கிவிட்டேன். யாரிடமும் கேட்க வேண்டியிருக்கவில்லை. அது என் படமாக இருந்ததால்தான் அப்படிச் செய்ய முடிந்தது. காட்சியின் உரிமை ஒரு நிறுவனத்திடம் இருந்திருந்தால் நான் கெஞ்சத்தான் முடிந்திருக்கும்.

மூன்றாவதுதான் காசு. அதையும் படத்துக்கான காசு, வீட்டுக்கான காசு என்று இரண்டாகப் பிரித்துப் பாருங்கள். பட்ஜெட் தாளில் முதலாவது இருக்கும், இரண்டாவது பெரும்பாலும் இருக்காது.

நான்காவது, முடித்த படத்தை எங்கே காட்டப்போகிறீர்கள் என்பது. பொதுத் திரையிடலுக்குத் தணிக்கைச் சான்று வேண்டும். வாரியம் மறுத்தால் மேல்முறையீடு செய்யத் தனித் தீர்ப்பாயம் ஒன்று இருந்தது. 2021இல் அதைக் கலைத்துவிட்டார்கள். இப்போது நேராக உயர் நீதிமன்றம்தான். வக்கீல் செலவையும் சேர்த்துத்தான் இனி யோசிக்க வேண்டும்.

## எந்த வழியில் போனாலும் வரும் செலவு

வழிகளுக்குள் போவதற்கு முன் ஒரு சின்னக் கணக்கு. நொடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் 4கே எடுத்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிபி ஆகும். 200 மணி நேரம் எடுத்தால் 9 டெராபைட். ஒரே பிரதியை நம்பக் கூடாது, இரண்டு பிரதி என்றால் 18. அந்த 200 மணி நேரத்தை நாளுக்கு ஆறு மணி நேரம் என்று உட்கார்ந்து பார்த்தால், ஒருமுறை பார்த்து முடிக்கவே 34 நாள். அப்புறம் பேச்சை எழுத்தாக்குவது, ஆங்கில சப்டைட்டில், ஒலிக் கலவை, நிறத்திருத்தம். படப்பிடிப்பு முடிந்தால் செலவு முடிந்தது என்று நினைத்துக் கையிருப்பைக் காலி செய்துவிட்டு, ஹார்டு டிஸ்க்கைப் பரணில் போட்ட நண்பர்கள் எனக்கு மூன்று பேர் இருக்கிறார்கள். மூன்றும் நல்ல படங்கள்.

## வழி 1: வேலையை வைத்துக்கொண்டு சொந்தக் காசில்

நான் போன வழி இது. திருமண வீடியோ எடிட்டிங்தான் என் பிழைப்பு. ஆவணி, தை, வைகாசி முகூர்த்தங்களில் தலை நிமிர நேரம் இருக்காது. ஆடியிலும் மார்கழியிலும் முகூர்த்தம் கிடையாது. உப்புப் பருவம் மழைக்கு முன் வரைக்கும் நீள்வதால் ஆடி முழுக்க உப்பளத்தில் கிடந்தேன். மார்கழியில் உப்பு வாருவது இல்லை. மழைத் தண்ணீர் நிற்கும் பாத்தியையும் கூலியில்லாத வீடுகளையும் எடுத்தேன். என் வேலையின் காலண்டர்தான் படத்துக்கு உருவம் கொடுத்தது. இதை நான் திட்டமிடவில்லை. உங்கள் வேலைக்கும் இப்படி ஓர் ஓய்வு மாதம் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். ஆசிரியர் என்றால் கோடை, கணக்கர் என்றால் தாக்கல் தேதி முடிந்த பிறகு.

ஜப்பானியரான கஸுஹிரோ சோடா, நியூயார்க்கில் இருந்தபடி என்.எச்.கே. தொலைக்காட்சிக்கு ஆவணப்படங்கள் செய்துகொண்டிருந்தவர். படம் பிடிப்பதற்கு முன்பே காட்சிகளை எழுதிக் கொடுக்கச் சொல்லும் அந்த முறை வெறுத்துப்போய்த் தனக்கென்று பத்து விதிகள் வைத்துக்கொண்டார். ஆராய்ச்சி வேண்டாம், ஸ்கிரிப்ட் வேண்டாம், கேமராவை நீயே பிடி, நீண்ட நேரம் எடு என்று போகும். கடைசி விதி, தயாரிப்புச் செலவைச் சொந்தக் காசில் செய். அது சிக்கனத்துக்காக வைத்த விதி என்று நான் நினைக்கவில்லை. காசு கொடுத்தவர் யாரும் "கதை என்ன?" என்று கேட்க முடியாது, அதற்காகத்தான்.

மறைந்திருக்கும் செலவைச் சொல்லிவிடுகிறேன். உங்கள் விடுமுறை நாளில் எதுவும் நடக்காது என்பது முதல் இழப்பு. அந்த அக்காவும் இன்னும் நாற்பது பேரும் கூலி உயர்வுக்காக வேலையை நிறுத்தியது ஒரு செவ்வாய்க்கிழமை. நான் மதுரையில் ஒரு வரவேற்பு வீடியோவுக்குப் பாட்டு ஒட்டிக்கொண்டிருந்தேன். இரண்டாவது இழப்பு வீட்டில் விழும். சனி ஞாயிறு இல்லாத இரண்டு வருடம் என்றால் அதைச் சுமப்பது நீங்கள் மட்டும் இல்லை. மூன்றாவது, தனிமை. "இந்தக் காட்சி போரடிக்குது" என்று முகத்துக்கு நேராகச் சொல்ல ஒரு தயாரிப்பாளர் கிடையாது. வெளியிலிருந்து ஓர் எடிட்டரையாவது கடைசி ஒரு மாதத்துக்குக் கூலி கொடுத்து வையுங்கள். வேறு எதில் மிச்சம் பிடித்தாலும் இதில் பிடிக்காதீர்கள்.

வீட்டிலிருந்து ஒரு மணி நேரத்துக்குள் போய்வரக்கூடிய இடம், மெதுவாக நகரும் விஷயம், பேசும் மொழி உங்கள் மொழி. இந்த மூன்றும் இருந்தால் வேறு வழியைத் தேடவே வேண்டாம். நாளைக்கே புல்டோசர் வரப்போகிற இடம் என்றால் இந்த வழி உதவாது.

## வழி 2: பிறருக்காக எடுத்துக்கொடுப்பது

தொண்டு நிறுவனம், டிவி, ஓடிடி. மூன்றையும் ஒன்றாக வைப்பது நியாயமில்லை என்று சிலர் சொல்வார்கள். மேலே சொன்ன இரண்டாவது அளவுகோலில் மூன்றும் ஒரே இடத்தில்தான் நிற்கின்றன. காட்சி அவர்களுடையது.

தொண்டு நிறுவனப் படத்தில் முடிவு முன்பே எழுதப்பட்டிருக்கும். திட்ட அறிக்கையில் "பயனாளிகளின் வாழ்வில் மாற்றம்" என்று இருக்கும், அந்த மாற்றத்தை நீங்கள் மூன்று நாளில் எடுத்துத் தர வேண்டும். செங்கல் சூளைக் குழந்தைகளைப் பற்றிய ஒரு வேலைக்குப் போனபோது, நாங்கள் இறங்குவதற்கு முன்பே ஒரு பையனுக்குப் புதுச் சீருடை போட்டு நிறுத்தியிருந்தார்கள். மடிப்புக் கூடக் கலையாத சட்டை. காலருக்குள் அட்டை அப்படியே இருந்தது. அவன் கழுத்தைத் திருப்பித் திருப்பிச் சொறிந்துகொண்டிருந்தான். அந்தச் சொறிதலைத்தான் நான் எடுக்க விரும்பினேன். "சிரிக்கச் சொல்லுங்க சார்" என்றார் கூட வந்தவர்.

ஆனாலும் இதைக் கேவலமாகப் பேச மாட்டேன். வாடகை இதிலிருந்துதான் வரும். பூட்டிய கதவுகள் சில இப்படித்தான் திறக்கும். அரசு மருத்துவமனை வார்டுக்குள் தனி ஆளாகக் கேமராவோடு போய்ப் பாருங்கள், தெரியும். இரண்டே எச்சரிக்கை. ஒன்று, ஒப்பந்தத்தில் மூலக் காட்சிகளை நீங்களும் வைத்துக்கொள்ளலாமா என்பதை முன்பணம் வாங்குவதற்கு முன்பே எழுதி வாங்குங்கள். இன்னொன்று, எந்த ஊரில் காசுக்கு எடுத்தீர்களோ அதே ஊரில் சொந்தப் படம் எடுக்காதீர்கள். நீங்கள் தொண்டு நிறுவன ஜீப்பில் வந்து இறங்கியதை ஊர் மறக்காது. "சார் மூலமா வீடு கிடைக்கும்" என்ற எதிர்பார்ப்போடு பேசுகிறவரிடம் நீங்கள் எதையும் கவனிக்க முடியாது, அவர்தான் உங்களைக் கவனித்துக்கொண்டிருப்பார்.

வீட்டுக் கடன், படிக்கும் தம்பி தங்கை என்று பொறுப்பு இருப்பவர்கள் வருடத்தில் நான்கு மாதம் இந்த வேலை, மீதி சொந்தப் படம் என்று பிரித்துக்கொள்வது நடைமுறைக்கு ஒத்துவரும்.

## வழி 3: நல்கையும் பிட்ச்சிங்கும்

ஆம்ஸ்டர்டாம் விழாவோடு இணைந்த ஐடிஎஃப்ஏ பெர்த்தா நிதி, அமெரிக்காவின் சன்டான்ஸ் ஆவணப்பட நிதி, பூசான் விழாவின் ஆசிய நிதி. நம் நாட்டில் கொல்கத்தாவின் டாக்எட்ஜ் மாதிரியான பிட்ச்சிங் மேடை, அதாவது பணம் தருபவர்கள் முன்னால் நின்று உங்கள் படத்தைப் பற்றிச் சில நிமிடம் பேசிக் கேட்கும் இடம். ஷௌனக் சென் டெல்லியில் பருந்துகளைக் காப்பாற்றும் சகோதரர்களோடு சுமார் மூன்று வருடம் இருந்து எடுத்த படம், 2022இல் சன்டான்ஸிலும் கான் விழாவிலும் பரிசு வாங்கி ஆஸ்கர் பரிந்துரை வரை போனது. அத்தனை வருடம் ஒரு விஷயத்தோடு இருக்கத் தேவையான பணத்தை இப்போதைக்கு இந்தியாவில் வேறு எந்தக் கதவும் தருவதாக எனக்குத் தெரியவில்லை. முதல் அளவுகோலில் இதுதான் பலமான வழி, கிடைத்தால்.

கிடைப்பதற்கு என்ன கொடுக்க வேண்டும் என்று பாருங்கள். விண்ணப்பத்தில் கதை எங்கே தொடங்கி எங்கே முடியும் என்று எழுத வேண்டும். என்ன நடக்கும் என்று தெரியாமல் போய் நிற்பதுதானே நம் முறை? இந்த முரண்பாட்டோடு வாழப் பழக வேண்டும். சும்மா யோசனையை மட்டும் வைத்துக்கொண்டு எழுதினால் நடக்காது, ஏற்கெனவே எடுத்த காட்சிகளிலிருந்து வெட்டிய சில நிமிட முன்னோட்டம் வேண்டும். அதாவது முதல் வருடம் எப்படியும் உங்கள் காசுதான். போனில் கேட்ட பெண் "எழுதிப்போட்டுட்டுக் காத்திருக்கட்டுமா" என்றாரே, அப்படி ஒரு வழியே கிடையாது.

ஆங்கிலம் ஒரு செலவு. நான் நேரில் பார்த்திருக்கிறேன். ஊருக்குள் நுழைந்த அரை மணியில் ஆயாக்கள் பக்கத்தில் உட்கார்ந்து கதை பேச ஆரம்பித்துவிடுவார்கள், அப்படியொரு பையன். ஏழு நிமிட மேடையில் அவனுக்கு நாக்கு ஒட்டிக்கொண்டது. ஜாதி என்றால் என்ன என்று இரண்டு வரியில் விளக்கச் சொன்னார்கள். தெரியாமல் இல்லை, இரண்டு வரியில் அடங்கவில்லை.

அடுத்தது சட்டம். வெளிநாட்டிலிருந்து வரும் நல்கைப் பணம் வெளிநாட்டு நன்கொடையை ஒழுங்குபடுத்தும் எஃப்.சி.ஆர்.ஏ. சட்டத்துக்குள் வருமா, ஒப்பந்தத்தை எப்படி எழுத வேண்டும் என்பதைப் பணம் கணக்கில் ஏறுவதற்கு முன்பே ஆடிட்டரிடம் கேளுங்கள். வந்த பிறகு கேட்பது தலைவலி.

பெரிதாகச் சொல்லப்படாத ஒன்று பாக்கி இருக்கிறது. பெரிய விழாக்கள் உலகத்தின் முதல் திரையிடல் தங்களுடையதாக இருக்க வேண்டும் என்பார்கள். அதுவரை படத்தைப் பொதுவில் காட்ட முடியாது. படத்தில் இருப்பவர்களே கடைசியில் பார்க்கும்படி ஆகிவிடும். ரிந்து தாமஸும் சுஷ்மித் கோஷும் உத்தரப் பிரதேசத்தில் பெண்களே நடத்தும் 'கபர் லஹரியா' பத்திரிகையின் நிருபர்களைப் பல வருடம் பின்தொடர்ந்து எடுத்த படம் 2022இல் ஆஸ்கர் பரிந்துரை பெற்றிருந்தபோது, அந்தப் பத்திரிகையே பொது அறிக்கை விட்டது. தாங்கள் ஒரே கட்சியைப் பற்றி மட்டும் செய்தி போடுகிறவர்கள் மாதிரிப் படம் காட்டுகிறது, அது சரியில்லை என்றார்கள். யார் பக்கம் நியாயம் என்று நான் தீர்ப்புச் சொல்ல வரவில்லை. நீங்கள் எந்த விழாவை நோக்கிப் போனாலும், படத்தில் இருப்பவர்களுக்குத் தனியாகக் காட்டும் நாளையும் அதன்பின் மாற்றங்கள் செய்யும் வாரங்களையும் ஒப்பந்தத்திலேயே எழுதிவையுங்கள்.

இரண்டாவது மூன்றாவது படத்துக்கு இது ஏற்ற வழி. முதல் படத்துக்கு, ஏற்கெனவே அனுபவமுள்ள ஒரு தயாரிப்பாளர் கூட இருந்தால் மட்டும்.

## வழி 4: மக்களிடம் திரட்டுவது

குஷ்பூ ராங்காவும் வினய் சுக்லாவும் ஆம் ஆத்மி கட்சியின் தொடக்க நாள்களைக் கூடவே இருந்து எடுத்த படத்துக்கு இணையத்தில் மக்கள் பணம் கொடுத்தார்கள். 2017இல் பிரதமர், டெல்லி முதல்வர், டெல்லியின் முன்னாள் முதல்வர் மூவரிடமும் ஆட்சேபணை இல்லை என்று கடிதம் வாங்கிவரச் சொன்னது தணிக்கை வாரியம். தீர்ப்பாயம்தான் அனுமதி கொடுத்துப் படம் தியேட்டருக்கு வந்தது. அந்தத் தீர்ப்பாயம்தான் இப்போது இல்லை.

ஊரே பேசுகிற விஷயத்துக்குப் பணம் சேரும். உப்பளத்து அக்காவின் மார்கழி மாதத்துக்குச் சேராது. ஐநூறு ரூபாய் கொடுத்த தோழர் படம் தன் கட்சியின் பக்கம் பேசும் என்று எதிர்பார்ப்பார், அதில் தப்பு சொல்ல முடியாது. ஆனால் கவனிப்புப் படம் சங்கத் தலைவர் தடுமாறும் இடத்தையும் காட்டும். காட்டிய பிறகு அந்தத் தோழரை டீக்கடையில் பார்க்க வேண்டும்.

இந்த வழியின் பெரிய லாபம் வேறு. பணம் கொடுத்தவர்களே திரையிடவும் செய்வார்கள். மலம் அள்ளும் தொழிலாளர்களைப் பற்றி திவ்யபாரதி எடுத்த 'கக்கூஸ்' படத்துக்கு 2017இல் திரையிடல் அனுமதி மறுக்கப்பட்டது. யூடியூபில் ஏற்றியதும் ஊர் ஊராகப் போனது. இயக்குநர் மீது வழக்குகளும் வந்தன. திரட்டுவதாக இருந்தால் படப்பிடிப்புக்கு வேண்டாம், எடிட்டிங்குக்கும் திரையிடலுக்கும் திரட்டுங்கள். அப்போது கையில் காட்டுவதற்குப் படம் இருக்கும், வாக்குறுதி கொடுக்க வேண்டியிருக்காது.

## ஒரே பார்வையில்

| | நாள்கள் யார் கையில் | காட்சியை நீக்கும் உரிமை | வீட்டுச் செலவு | திரையிடல் |
|---|---|---|---|---|
| சொந்தக் காசு | விடுமுறைகள் மட்டும் உங்களுடையவை | முழுக்க உங்களுக்கு | வேலை பார்த்துக்கொள்ளும் | நீங்களே அலைய வேண்டும் |
| பிறருக்காக | அவர்கள் தேதி | அவர்களுக்கு | உடனே வரும் | அவர்கள் பொறுப்பு |
| நல்கை | கிடைத்தபின் தாராளம் | ஒப்பந்தத்தைப் பொறுத்தது | முதல் வருடம் எதுவும் இல்லை | பெரிய விழாக்கள், ஊருக்குத் தாமதம் |
| மக்கள் பணம் | உங்களுடையவை, அவசரம் அவர்களுடையது | உங்களுக்கு, மனச்சங்கடத்தோடு | பெரும்பாலும் தேறாது | ஊர் ஊராக |

திரைப்படக் கல்லூரிக்குப் போவதைப் பற்றியும் கேட்பார்கள். பூனா, கொல்கத்தா, டெல்லி ஜாமியா, நம் தரமணி. இடம் கிடைத்து வீட்டில் அனுப்ப முடிந்தால் போங்கள், கூடப் படிப்பவர்கள் வாழ்நாள் முழுக்க உதவுவார்கள். ஆனால் அது இந்த நான்குக்கும் மாற்று கிடையாது. படித்து வெளியே வந்ததும் இதே கேள்வி காத்திருக்கும். வைஸ்மன் திரைப்படக் கல்லூரிக்கே போகவில்லை, சட்டம் படித்துச் சட்டம் கற்பித்தவர்.

## பெரும்பாக்கத்துக்கு

அந்தப் பெண்ணுக்கு என் பதில் இது. வேலையை விட வேண்டாம், முதல் வழியில் தொடங்குங்கள். ஒரு வருடக் காட்சிகள் சேர்ந்ததும் முன்னோட்டம் வெட்டி மூன்றாவது வழிக்கு எழுதுங்கள். முதல் மூன்று மாதம் கேமரா இல்லாமல் போங்கள். தண்ணீர் மோட்டார் போடும் நேரம், லிஃப்ட் ஓடாத நாள்கள், எந்த மாடியில் யார் யாரோடு பேசுவதில்லை என்பதெல்லாம் தெரியட்டும். ஆபீசில் சனிக்கிழமை லீவுக்குப் பதில் வார நாளில் ஒன்றைக் கேட்டுப் பாருங்கள். ரேஷன் கடையும் குடியிருப்பு வாரிய அலுவலகமும் திறந்திருக்கும் நாளில் நீங்கள் அங்கே இருப்பது முக்கியம். லீவு நாள்களைச் சேர்த்துவையுங்கள். ஜூனில் பள்ளி திறக்கும். அந்தக் குடும்பத்துப் பிள்ளை விடியற்காலையில் பழைய பேட்டைக்கு அருகில் உள்ள பள்ளிக்கே பஸ் ஏறப்போகிறதா, புதுப் பள்ளிக்கா, இல்லை வீட்டிலேயே இருக்கப்போகிறதா என்பது அன்றைக்குத்தான் தெரியும். அந்த வாரம் முழுக்க லீவு போட்டுவிடுங்கள்.